அப்கிரேடுக்குப் பின் ஒலி வராதபோது

விண்டோஸ் 10க்கு வழக்கமாக வந்துகொண்டிருந்த பாதுகாப்பு அப்டேட்டுகளை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14ஆம் தேதியோடு நிறுத்திக்கொண்டது. கடிதமும் கணக்கும் மட்டும் பார்க்கிறவருக்கு விண்டோஸ் 11க்கு மாறுவது திரையின் தோற்றம் மாறுவதோடு முடிந்துவிடும். ஒலியைப் பதிந்து, வெட்டி, ஒட்டுகிறவருக்கு அப்படி முடிவதில்லை. சென்னை திருவான்மியூரில் இந்த வேலை ஸ்டுடியோக்களில் மட்டும் நடப்பதல்ல. 1936இல் ருக்மிணி தேவி தொடங்கிய கலாக்ஷேத்ரா அடையாற்றிலிருந்து இங்கே குடிபெயர்ந்த நாளிலிருந்து, பாட்டும் பரதமும் சொல்லித்தரும் வீடுகள் இந்த வட்டாரத்தின் தெருக்களில் பெருகியிருக்கின்றன. அரங்கேற்றத்துக்கான ட்ராக்கைச் சீர்செய்வது, வர்ணத்தின் ஒரு ஜதியை மட்டும் தனியே எடுத்து மாணவிக்கு அனுப்புவது, குருவின் பழைய கேசட்டைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவது எல்லாம் ஒரு லேப்டாப்பையும் ஆடாசிட்டி போன்ற இலவச எடிட்டரையும் வைத்துக்கொண்டு வீட்டிலேயே நடக்கின்றன. அப்கிரேடு முடிந்த மறுநாள் அந்த எடிட்டரில் பதிவுப் பொத்தானை அழுத்தினால் சில சமயம் ஒரு எதிர்மறை எண்ணோடு பிழைச்செய்தி வருகிறது. சில சமயம் செய்தியே இல்லாமல் தட்டையான கோடு மட்டும் ஓடுகிறது. உடனே எடிட்டரைக் கழற்றிவிட்டு மறுபடி நிறுவத் தோன்றும். அது வேண்டாம் என்பதே இந்த அத்தியாயத்தின் வாதம். அப்கிரேடுக்குப் பிறகு ஒலி நின்றால் கோளாறு அநேகமாக எடிட்டருக்குக் கீழே இருக்கிறது. தேடலைக் கீழிருந்துதான் தொடங்க வேண்டும். எடிட்டரைக் கடைசியில்தான் தொட வேண்டும்.

ஏன் கீழிருந்து என்பதற்கு, ஒலி போகும் வழியைப் பார்த்தால் போதும். மைக்கில் பட்ட குரல் முதலில் ஒலிச் சிப்புக்கு வருகிறது. பெரும்பாலான லேப்டாப்புகளில் அது ரியல்டெக் நிறுவனத்தின் சிப். அந்தச் சிப்பை இயக்கத் தெரிந்தது டிரைவர். டிரைவர் தருவதை விண்டோஸின் ஒலி இயந்திரம் வாங்கிக்கொள்கிறது. 2007இல் விஸ்டாவோடு வந்த இந்த அமைப்புதான் இன்றைக்கும் அடிப்படை. எடிட்டர் அந்த இயந்திரத்தை அணுகுவதற்கு மூன்று வாசல்கள் உண்டு: 1990களின் தொடக்கத்திலிருந்து இருக்கும் எம்எம்இ, பிறகு வந்த டைரக்ட்சவுண்ட், விஸ்டாவோடு வந்த வாசாபி. ஆடாசிட்டி இவற்றில் எதையும் நேரடியாகத் தொடுவதில்லை. போர்ட்ஆடியோ என்ற இடைநிலை நூலகம் அதற்காக வாசலைத் தட்டுகிறது. விண்டோஸ் அப்கிரேடு ஆகும்போது இந்த வரிசையின் கீழ்ப்பகுதி முழுக்க மாறலாம். டிரைவர் வேறொன்றாகலாம்; மைக்கின் பெயரும் வரிசை எண்ணும் மாறலாம்; அனுமதிகள் மாறலாம்; சேம்பிள் ரேட் பழைய நிலைக்குத் திரும்பலாம். மேலே உட்கார்ந்திருக்கும் எடிட்டர் மட்டும் நேற்று இருந்தபடியே இருக்கிறது, நேற்றைய மைக்கின் பெயரை நினைவில் வைத்துக்கொண்டு அதையே கேட்கிறது.

எடிட்டரை மறுபடி நிறுவுவது ஏன் பயன் தருவதில்லை என்பதும் இதிலேயே விளங்கும். ஆடாசிட்டியைக் கழற்றினாலும் அதன் விருப்பங்களை எழுதி வைத்திருக்கும் சிறிய கோப்பு பயனரின் கணக்குக்குள் அப்படியே தங்கிவிடுகிறது. புதிதாக நிறுவிய பிரதியும் அதே கோப்பைத்தான் படிக்கிறது. இல்லாத அதே மைக்கைத்தான் தேடுகிறது. நிறுவும்போது விருப்பங்களை அழிக்கச் சொல்லும் ‘ரீசெட் பிரிஃபரன்சஸ்’ கட்டத்தைத் தேர்ந்தெடுத்தால்தான் பழைய நினைவு போகும். அதைச் செய்து சரியாகிவிட்டால், அப்போதும் சரிசெய்தது நிறுவல் அல்ல, அந்த ஒரு கட்டம்தான். 2022இல் வந்த 3.2 பதிப்பு முதல் ‘ஆடியோ செட்டப்’ என்ற பொத்தானுக்குள் ‘ரீஸ்கேன் ஆடியோ டிவைசஸ்’ என்ற வரி இருக்கிறது. எடிட்டரைத் திறந்த பிறகு மைக்கைச் செருகியிருந்தால், அல்லது டிரைவரை மாற்றியிருந்தால், அதை ஒருமுறை அழுத்திவிட்டு, அதே மெனுவில் மைக்கைக் கையால் தேர்ந்தெடுத்தால் போதும். மறுநிறுவலுக்கு ஆகும் நேரத்தில் பத்தில் ஒரு பங்குகூட இதற்கு ஆகாது.

‘கோளாறு கீழேதான் என்று எப்படி அடித்துச் சொல்ல முடியும்?’ என்று கேட்பது நியாயம். கடந்த சில ஆண்டுகளின் பொதுப் பதிவே அதற்குச் சான்று. 2018 அக்டோபரில் இன்டெலின் ஒலி டிரைவர் ஒன்று, 9.21.00.3755 என்ற பதிப்பு, விண்டோஸ் அப்டேட் வழியாகத் தவறுதலாகப் பல கம்ப்யூட்டர்களுக்குப் போய்ச் சேர்ந்தது. ஒலிக்கருவியே இல்லை என்று அந்தக் கம்ப்யூட்டர்கள் சொல்லத் தொடங்கின. கேபி 4468550 என்ற அப்டேட்டை அனுப்பித்தான் மைக்ரோசாஃப்ட் அதை அகற்ற வேண்டியிருந்தது. 2021 நவம்பரில், இன்டெலின் பதினோராம் தலைமுறைச் சிப்புகளோடு வந்த ‘ஸ்மார்ட் சவுண்ட்’ டிரைவரின் சில பதிப்புகள் விண்டோஸ் 11இல் நீலத்திரையை வரவழைத்ததால், அந்தக் கம்ப்யூட்டர்களுக்கு அப்கிரேடே நிறுத்தி வைக்கப்பட்டது. 2024 டிசம்பரில், டிராக் என்ற ஒலி மேம்பாட்டு மென்பொருள் இருந்த கம்ப்யூட்டர்களில் விண்டோஸ் 11இன் 24எச்2 பதிப்பு ஏறியதும் உள்ளே இருக்கும் ஸ்பீக்கரும் புளூடூத் ஸ்பீக்கரும் சேர்ந்தே நின்றுபோயின. அங்கும் அப்கிரேடு நிறுத்தி வைக்கப்பட்டது. 2025 ஜனவரி 14ஆம் தேதி வந்த பாதுகாப்பு அப்டேட்டுக்குப் பிறகு, பழைய யூஎஸ்பி ஆடியோ 1.0 டிரைவரில் இயங்கிய வெளிக்கருவிகள் சில ‘கோட் 10’ என்ற செய்தியோடு எழுந்திருக்க மறுத்தன. இந்த நான்கிலும் எடிட்டர்களுக்கு எந்தப் பங்கும் இல்லை. ஒவ்வொன்றிலும் ஏதோ ஒரு எடிட்டரை வீணாகக் கழற்றி மாட்டியவர்கள் இருந்திருப்பார்கள்.

ஆகவே முதல் கேள்வி: எடிட்டருக்கு வெளியே ஒலி இருக்கிறதா? செட்டிங்ஸில் சிஸ்டம், அதற்குள் சவுண்ட் பகுதிக்குப் போய், மைக்கைத் தேர்ந்தெடுத்துப் பேசிப் பாருங்கள். அங்கே உள்ள அளவுக்கோடு அசைகிறதா என்று கவனியுங்கள். அசைந்தால் கருவியும் டிரைவரும் உயிரோடு இருக்கின்றன. சிக்கல் அனுமதியிலோ எடிட்டரின் தேர்விலோ இருக்கிறது. அசையாவிட்டால் டிரைவரா, கருவியா என்று பிரிக்க வேண்டும். கடற்கரையை ஒட்டிய ஊரில் இந்தப் பிரிவினை அவசியம். திருவான்மியூர், பெசன்ட் நகர், கொட்டிவாக்கம் பகுதிகளில் ஜன்னல் திறந்த அறையில் இருக்கும் லேப்டாப்பின் ஹெட்போன் துளைக்குள் உப்புக்காற்று பச்சை படியச் செய்யும். அப்கிரேடு நடந்த வாரத்திலேயே துளையும் கெட்டுப்போயிருக்க வாய்ப்பு உண்டு. இதற்கு உறுதியான சோதனை ஒன்று இருக்கிறது. உபுன்டு போன்ற ஒரு லினக்ஸை யூஎஸ்பி குச்சியில் எழுதி, ஹார்டு டிஸ்க்கில் எதையும் நிறுவாமல், அந்தக் குச்சியிலிருந்தே கம்ப்யூட்டரை எழுப்புங்கள். அங்கே மைக் வேலை செய்தால் கருவியில் குறையில்லை; குறை விண்டோஸில் உள்ள டிரைவரில்தான். லினக்ஸிலும் மௌனம் என்றால் மட்டும் சர்வீஸ் கடை தேடி ரிச்சி தெருவுக்குப் பஸ் ஏறலாம். ‘ஃபார்மேட் அடிச்சிடலாம் சார்’ என்று சர்வீஸ் கடையில் சொல்வதற்கு முன்னால் இந்தச் சோதனையை வீட்டில் செய்துவிடுவது பணத்தையும் கோப்புகளையும் சேர்த்தே காப்பாற்றும்.

அனுமதிச் சிக்கலைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், தீர்வு இரண்டு சுவிட்சுகள்தான். 2018 ஏப்ரலில் வந்த விண்டோஸ் 10இன் 1803 பதிப்பு முதல், மைக்ரோஃபோன் தனியுரிமை அமைப்பு சாதாரண டெஸ்க்டாப் புரோகிராம்களையும் கட்டுப்படுத்துகிறது. அது அணைந்திருந்தால் ஆடாசிட்டி ‘எதிர்பாராத ஹோஸ்ட் பிழை’ என்று –9999 என்ற எண்ணைக் காட்டலாம், அல்லது எதுவும் சொல்லாமல் வெறும் மௌனத்தைப் பதிவுசெய்யலாம். செட்டிங்ஸில் பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, அதற்குள் மைக்ரோஃபோன். மேலே உள்ள பொது சுவிட்சையும், கடைசியில் டெஸ்க்டாப் ஆப்களுக்கென்று இருக்கும் தனி சுவிட்சையும் இரண்டையும் போட வேண்டும். ஆடாசிட்டியின் பெயர் மேலே உள்ள பட்டியலில் இல்லையே என்று தேட வேண்டாம்; அது ஸ்டோர் ஆப்களுக்கான பட்டியல். மேக் வைத்திருப்பவர்களுக்கும் 2018இன் மொஹாவியிலிருந்து இதே போன்ற அனுமதி இருக்கிறது. மற்ற எண்களும் பேசும். –9996 என்றால் கேட்ட கருவி இல்லை. –9997 என்றால் கேட்ட சேம்பிள் ரேட்டைக் கருவி ஏற்கவில்லை. –9985 என்றால் வேறொரு புரோகிராம், பெரும்பாலும் ஆன்லைன் வகுப்புக்காகத் திறந்துவைத்த வீடியோ ஆப், மைக்கைப் பிடித்து வைத்திருக்கிறது. இவை போர்ட்ஆடியோ தரும் எண்கள். செய்தியை மூடுவதற்கு முன் எண்ணைத் தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.

இனி டிரைவர். டிவைஸ் மேனேஜரைத் திறந்து, ஒலிக்கருவிகளின் பகுதியில் எந்தப் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். ரியல்டெக் இருந்த இடத்தில் ‘ஹை டெஃபனிஷன் ஆடியோ டிவைஸ்’ என்று மட்டும் இருந்தால், அப்கிரேடு உங்கள் லேப்டாப்பின் சொந்த டிரைவரை எடுத்துவிட்டு விண்டோஸின் பொது டிரைவரை வைத்திருக்கிறது என்று பொருள். இன்டெல் 2004இல் வகுத்த பொதுத் தரத்தை இந்தச் சிப்புகள் பின்பற்றுவதால் பொது டிரைவரிலும் பாட்டுக் கேட்கலாம். ஆனால் மைக் பூஸ்ட் காணாமல் போகலாம்; முன்பக்கத் துளையில் செருகிய மைக் தெரியாமல் போகலாம்; கம்ப்யூட்டருக்குள் ஓடும் ஒலியைப் பதிய உதவிய ‘ஸ்டீரியோ மிக்ஸ்’ மறைந்துவிடலாம். இங்கே பலரும் சொல்லும் ஆலோசனை, ‘இருப்பதிலேயே புதிய டிரைவரைப் போடு’ என்பது. இது பாதி உண்மை. சிப்பை ரியல்டெக் செய்தாலும், எந்தத் துளை எந்தக் கம்பியில் இணைகிறது, எந்த மைக் எங்கே இருக்கிறது என்று தீர்மானித்தது லேப்டாப்பைச் செய்த நிறுவனம். அந்த விவரங்களோடு கூடிய டிரைவர் அந்த நிறுவனத்தின் சப்போர்ட் பக்கத்தில், உங்கள் மாடல் எண்ணின் கீழ்தான் கிடைக்கும். தேதியில் புதியதாக இருப்பதைவிட, உங்கள் மாடலுக்கென்று வெளியிடப்பட்டதாக இருப்பது முக்கியம். விண்டோஸ் 11க்கு என்று தனியே எதுவும் இல்லாவிட்டால், அதே மாடலின் விண்டோஸ் 10 டிரைவர் பல சமயங்களில் வேலை செய்யும். டிரைவர்களைத் தானே தேடிப் புதுப்பிக்கிறேன் என்று விளம்பரம் செய்யும் புரோகிராம்களை நிறுவாதீர்கள். 2018இன் தவறு விண்டோஸ் அப்டேட்டின் கையிலேயே நடந்தது என்றால், ஊர்பேர் தெரியாத புரோகிராமின் கையில் என்ன நடக்கும்?

எதிர்த்திசையிலும் ஒரு சோதனை இருக்கிறது, பலர் இதை மறந்துவிடுகிறார்கள். ரியல்டெக் டிரைவர் இருந்தும் ஒலி இல்லையென்றால், டிவைஸ் மேனேஜரில் அதன்மேல் வலது கிளிக் செய்து, ‘அப்டேட் டிரைவர்’, பிறகு கம்ப்யூட்டரில் உள்ளவற்றிலிருந்து நானே தேர்ந்தெடுக்கிறேன் என்ற வழியில் போய், வேண்டுமென்றே பொது டிரைவரை வைத்துப் பாருங்கள். ஒலி வந்தால் குறை அந்த ரியல்டெக் டிரைவரில் என்பது நிரூபணமாகிவிட்டது. டிரைவரின் பண்புப் பெட்டியில் ‘ரோல் பேக் டிரைவர்’ பொத்தான் மங்காமல் இருந்தால், முந்தைய பதிப்புக்கு ஒரே அழுத்தில் திரும்பலாம். பழைய வெளிக்கருவிகளுக்கு இன்னொரு தடை உண்டு. விண்டோஸ் 11இல் ‘கோர் ஐசொலேஷன்’ என்ற பாதுகாப்பின் கீழ் ‘மெமரி இன்டக்ரிட்டி’ இயங்கும்போது, அதற்கு ஒத்துவராத பழைய டிரைவர்களை விண்டோஸ் ஏற்றவே ஏற்றாது. அதை அணைத்தால் கருவி வேலை செய்யும் என்று சொல்பவர்கள் பொய் சொல்லவில்லை. ஆனால் வங்கிக் கணக்கும் பள்ளிக் கட்டணமும் பார்க்கிற அதே கம்ப்யூட்டரில் ஒரு பழைய மைக்குக்காக அந்தக் கதவை நிரந்தரமாகத் திறந்து வைப்பதை என்னால் பரிந்துரைக்க முடியாது.

ஒலி வந்துவிட்டது என்பதற்காக வேலை முடிந்தது என்று எண்ணிவிடக் கூடாது. அப்கிரேடு விட்டுச்செல்லும் இரண்டு கோளாறுகள் பிழைச்செய்தி எதுவும் தராதவை. அதனாலேயே சங்கீதக்காரர்களுக்கு அவை அதிகக் கேடு செய்கின்றன. முதலாவது சேம்பிள் ரேட். சிடி வழக்கம் நொடிக்கு 44,100 மாதிரிகள். வீடியோ வழக்கம் 48,000. ஆடாசிட்டியின் இயல்பு முதலாவது. பல லேப்டாப் ஒலிச் சிப்புகளின் இயல்பு இரண்டாவது. சாதாரணமாக விண்டோஸே நடுவில் இருந்து இரண்டையும் பொருத்திவிடும். அப்கிரேடுக்குப் பின் டிரைவர் தவறான அளவைச் சொன்னாலோ, வெளிக்கருவியின் கட்டுப்பாட்டுப் பலகை ஓரளவிலும் எடிட்டர் வேறளவிலும் நின்றாலோ, அந்தப் பொருத்தம் தவறும். 48,000இல் வந்த ஒலியை 44,100 என்று முத்திரை குத்திச் சேமித்தால் பாட்டு மெதுவாகும், சுருதி இறங்கும். கணக்குப் போட்டால் இறக்கம் ஏறக்குறைய 147 சென்ட். நம் கட்டைக் கணக்கில் முக்கால் கட்டைக்குச் சற்றுக் குறைவு. 5 கட்டையில் பாடிய கீர்த்தனை 4க்கும் 4½க்கும் நடுவே, எந்தச் சுருதிப்பெட்டியோடும் சேராத ஓரிடத்தில் வந்து நிற்கும். ஒரு மணி நேரக் கச்சேரி அறுபத்தைந்து நிமிடத்துக்கு மேல் நீளும். அதை வைத்து நடனம் பயிலும் பெண் தன் காலப்பிரமாணம் பிசகியதாக எண்ணித் தன்னையே திருத்திக்கொள்வாள். அதுதான் இதில் உள்ள உண்மையான தீங்கு.

நல்ல செய்தி, இந்தப் பதிவை மீட்க முடியும். ஆடாசிட்டியில் ட்ராக்கின் மெனுவுக்குள் ‘ரேட்’ என்ற வரி இருக்கிறது. அதில் 48,000 என்று வைத்தால் முத்திரை மட்டும் திருத்தப்பட்டு, பாட்டு தன் சுருதிக்கும் வேகத்துக்கும் திரும்பிவிடும். ‘ரீசேம்பிள்’ என்ற கட்டளை வேறு. அது தவறான சுருதியையே புதிய அளவில் மாற்றி எழுதிவிடும், ஆகவே இரண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. சுருதியை ஏற்றும் எஃபெக்ட்டைப் போட்டு மேலே தூக்குவதும் தவறான வழி. அது ஒலியின் தரத்தைக் குறைக்கும், கமகங்களில் கறை தெரியும். வருமுன் காக்க, விண்டோஸின் ஒலி அமைப்பில் மைக்குக்கும் ஸ்பீக்கருக்கும் உள்ள ‘ஃபார்மேட்’, வெளிக்கருவியின் பலகை, எடிட்டரின் ப்ராஜெக்ட் ரேட் ஆகிய மூன்றிலும் ஒரே எண்ணை வையுங்கள். அப்கிரேடு ஆனதும் ஒரு நிமிடம் தம்புராவை மட்டும் பதிந்து, போட்டுக் கேட்டு, கையிலுள்ள சுருதிப்பெட்டியோடு ஒப்பிட்டுவிட்டால் சந்தேகம் தீரும். எந்த மீட்டரையும்விட இந்தச் சோதனையை நம்பலாம். இந்த ஊரில் அதற்கான காது இல்லாத வீடு குறைவு.

இரண்டாவது கோளாறு இன்னும் நுட்பமானது: தம்புராவே காணாமல் போவது. இன்றைய லேப்டாப்புகளின் டிரைவர்களோடு வரும் ‘ஆடியோ என்ஹான்ஸ்மென்ட்ஸ்’ வசதிகள் வீடியோ அழைப்பில் பேசுகிறவரை மனத்தில் வைத்துச் செய்யப்பட்டவை. இரைச்சல் நீக்கும் வசதி, மாறாமல் தொடர்ந்து ஒலிக்கும் எதையும் மின்விசிறி, ஏசி போன்ற தொந்தரவு என்று கருதி அமுக்கிவிடும். பேச்சில் இடைவெளிகள் உண்டு. சுருதியில் இடைவெளி இல்லை. ஆகவே தம்புராவும் சுருதிப்பெட்டியும் அதன் பார்வையில் இரைச்சல்தான். பதிவின் முதல் சில நொடிகள் தம்புரா தெளிவாகக் கேட்டு, பிறகு தேய்ந்து, பாடகர் மூச்சு விடும் இடங்களில் முழுக்க மறைந்தால் காரணம் இதுதான். நீண்ட கார்வைகளும் இப்படியே நடுவில் நலியும். சுருதியை அதே லேப்டாப்பின் ஸ்பீக்கரில் ஓடவிட்டால், எதிரொலி நீக்கும் வசதி, தன் ஸ்பீக்கரிலிருந்து வந்த ஒலி இது என்று அடையாளம் கண்டு மைக்கிலிருந்து துடைத்துவிடும். ஒலியளவைத் தானே சீராக்கும் வசதியோ, மெல்ல எடுத்த ஆலாபனையையும் உச்சஸ்தாயியையும் ஒரே உயரத்துக்குக் கொண்டுவந்துவிடும். அப்கிரேடுக்கு முன்பு நீங்கள் இவற்றை அணைத்து வைத்திருந்தாலும், டிரைவர் மாறியதும் அவை மறுபடி விழித்துக்கொள்ளலாம். செட்டிங்ஸில் சவுண்ட், உங்கள் மைக், அதற்குள் ‘ஆடியோ என்ஹான்ஸ்மென்ட்ஸ்’ இருக்கும் இடத்தில் ‘ஆஃப்’. லேப்டாப் நிறுவனம் தன் பங்குக்குத் தந்திருக்கும் ஒலி ஆப் இருந்தால் அதற்குள்ளும் இதே வேலை. ‘இரைச்சல் போனால் நல்லதுதானே?’ என்று கேட்டால் பதில் எளிது: பதிவில் இருக்கும் மின்விசிறியைப் பிறகு எடிட்டரில் குறைக்கலாம், பதிவில் இல்லாத தம்புராவை எந்த எடிட்டராலும் திரும்பக் கொண்டுவர முடியாது.

‘இத்தனை தொல்லைக்கு ஒரு யூஎஸ்பி இன்டர்ஃபேஸ் வாங்கிவிட்டால் தீர்ந்தது’ என்பது நல்ல ஆலோசனை, ஆனால் முழுத் தீர்வல்ல. பொதுத் தரத்தைப் பின்பற்றும் யூஎஸ்பி கருவிகளை விண்டோஸ் தன் சொந்த டிரைவரிலேயே இயக்கிவிடும். இரண்டாம் தலைமுறைத் தரத்துக்கான டிரைவர் 2017இன் 1703 பதிப்பிலிருந்து விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது. எனவே அப்கிரேடுகளை அவை ஓரளவு நன்றாகத் தாங்கும். என்றாலும் 2025 ஜனவரியில் தடுக்கி விழுந்தவை யூஎஸ்பி கருவிகள்தான். ஃபயர்வயர் இன்டர்ஃபேஸ் வைத்திருப்பவர்கள் கூடுதலாக எச்சரிக்கையாக இருக்க வேண்டும்: 2025இல் வந்த மேக்ஓஎஸ் டஹோ ஃபயர்வயரையே கைவிட்டுவிட்டது. வாசல் விஷயத்தில், சாதாரணப் பதிவுக்கு எம்எம்இ போதும். சிக்கல் வரும்போது வாசாபிக்கு மாற்றிப் பார்ப்பது நல்லது. கம்ப்யூட்டருக்குள் ஓடும் ஒலியைப் பதிய வாசாபியின் ‘லூப்பேக்’ தேர்வு, மறைந்துபோன ஸ்டீரியோ மிக்ஸின் இடத்தை நிரப்பும். ஸ்டெய்ன்பெர்க் நிறுவனம் வகுத்த ஏஎஸ்ஐஓ, பல ட்ராக்குகளில் தாமதமின்றி வேலை செய்யும் ஸ்டுடியோக்களுக்கு உரியது. வீட்டில் ஜதி வெட்டுகிறவருக்கு அது தேவையில்லை. எதை மாற்றினாலும் ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றி, பதிந்து பார்த்து, குறித்துக்கொண்டு, பிறகு அடுத்ததற்குப் போங்கள். மூன்றை ஒரே மூச்சில் மாற்றி ஒலி வந்துவிட்டால், எது சரிசெய்தது என்பது அடுத்த அப்கிரேடின்போது தெரியாது.

கடைசியாக ஒரு வலுவான எதிர்வாதம் இருக்கிறது: ஒழுங்காக ஓடும் கம்ப்யூட்டரை ஏன் அப்கிரேடு செய்ய வேண்டும்? இணையத்தில் சேராமல் பதிவுக்கு மட்டுமே பயன்படும் கம்ப்யூட்டர் என்றால், செய்ய வேண்டியதில்லை. விண்டோஸ் 10இலேயே அது தன் வேலையைத் தொடரட்டும். இணையத்தில் இருக்கும் வீட்டுக் கம்ப்யூட்டருக்கும் நீட்டித்த பாதுகாப்பு அப்டேட் திட்டத்தின் கீழ் 2026 அக்டோபர் 13 வரை அவகாசம் உண்டு. அந்த அவகாசத்தைத் தள்ளிப்போடுவதற்காக அல்லாமல் தயாராவதற்காகப் பயன்படுத்துங்கள். இப்போது ஓடும் டிரைவரின் பதிப்பு எண்ணை டிவைஸ் மேனேஜரிலிருந்து எழுதி வையுங்கள். அதன் நிறுவல் கோப்பையும், லேப்டாப் நிறுவனம் விண்டோஸ் 11க்குத் தரும் டிரைவரையும் ஒரு பென் டிரைவில் இறக்கி வையுங்கள். மைக், சேம்பிள் ரேட், என்ஹான்ஸ்மென்ட்ஸ் ஆகிய மூன்று அமைப்புத் திரைகளையும் போனில் படமெடுத்து வையுங்கள். பதிவுகள் அனைத்தையும் வெளி டிஸ்க்கில் நகலெடுத்த பிறகே அப்கிரேடைத் தொடங்குங்கள். மார்கழி சீசனிலும், அரங்கேற்றத்துக்கு முந்தைய மாதத்திலும் தொடங்க வேண்டாம். அப்கிரேடுக்குப் பின் பழைய விண்டோஸுக்குத் திரும்பும் ‘கோ பேக்’ வழி பத்து நாள் மட்டுமே திறந்திருக்கும்; அதன்பின் பழைய கோப்புகள் அழிக்கப்பட்டுவிடும். ஆகவே மைக், சுருதி, தம்புரா ஆகிய மூன்று சோதனைகளையும் முதல் நாளே செய்து, எது தேறவில்லை என்றாலும் அந்தப் பத்து நாளுக்குள் முடிவெடுத்துவிடுங்கள்.